காணாமல் போன ஃபைலும் டி.எல்.எல். பாயும்

திருச்சியில் மழை பெய்யாவிட்டால்கூட அதற்கு ஏதோ ஒரு ஃபைல் காணாமல் போனதுதான் காரணம் என்று மனதார நம்பிய ஒரே மனிதர் டி.எல்.எல். பாய். காவிரியில் தண்ணீர் வரவில்லையா? ‘மேல எங்கயோ ஒரு ஃபைல் மிஸ்ஸிங்.’ எதிர்வீட்டுக்காரர் பெண்டாட்டியோடு மூன்று வருடமாகப் பேசுவதில்லையா? ‘ஃபைல் இருக்கும். வெர்ஷன் ஒத்து வரலை.’ விதி, கிரகம், அரசாங்கம் என்று ஊரார் பங்கு போட்டுக் கொடுக்கும் பழியை எல்லாம் பாய் மூன்றே எழுத்தில் முடித்துவிடுவார்.

தில்லை நகரில் ஒரு பரிசோதனை நிலையத்தில் ரிப்போர்ட் டைப் செய்வது என் வேலை. வீடு ஸ்ரீரங்கம். தினமும் ஸ்கூட்டரில் பாலத்தைத் தாண்டிப் போய், ரத்தம், சளி, சதை என்று மற்றவர்கள் உடம்பிலிருந்து வந்ததைப் பற்றியெல்லாம் டைப் செய்துவிட்டுத் திரும்புவேன். எனக்கு வாய் ஜாஸ்தி என்று என் கணவர் சொல்வார். அது உண்மைதான். அந்த வாயின் பெரும் பகுதியைப் பதினொரு வருடம் வாங்கிக் கட்டிக்கொண்டவர் பாய். எங்கள் பிரிண்டர் படுத்துக்கொண்டால் தென்னூரிலிருந்து மொபெட்டில் வருகிறவர் அவர்தான்.

விஷயம் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். நாம் டைப் செய்வது எதுவும் பிரிண்டருக்குப் புரியாது. எந்த இடத்தில் மை வைக்க வேண்டும், எந்த இடத்தில் வைக்கக் கூடாது, அவ்வளவுதான் அதற்குத் தெரியும். நடுவில் சில சின்ன ஃபைல்கள் உட்கார்ந்துகொண்டு நம்முடைய பக்கத்தை அதற்குப் புரிகிற மாதிரி மாற்றிக் கொடுக்கின்றன. அந்த ஃபைல்களின் பெயர் டி.எல்.எல். என்று முடியும். பாய் இதை வேறு மாதிரி சொல்வார்.

“பிரிண்டர் வெளியூரு ஆளு தங்கச்சி. நம்ம பேச்சு தெரியாது. நடுவுல நின்னு எடுத்துச் சொல்ற ஆளு மவுத்தாயிட்டா, அது என்ன பண்ணும்? முழிக்கும். முழிக்கிற ஆளைப் போயி இந்தத் தட்டு தட்டறீங்களே!”

நான் பிரிண்டரைத் தட்டுவது உண்டு. இப்போதும் தட்டுகிறேன்.

அவர் மொபெட்டின் முன்னால் ஒரு பழைய பிஸ்கட் டப்பா இருக்கும். திறந்தால் உள்ளே பென்டிரைவ்கள். ஒவ்வொன்றிலும் நூல் கட்டி ஒரு அட்டைச் சீட்டு. ‘தென்னூர் பல் டாக்டர், மவுத், ஹார்ட் டிஸ்க்.’ ‘உறையூர் வக்கீல் ஆபீஸ், மவுத், இடி.’ ‘ஜங்ஷன் டிராவல்ஸ், மவுத், எலி.’ மவுத் என்றால் அவர் பேச்சில் சாவு. ஊரில் எந்தக் கம்ப்யூட்டர் உயிரை விடப் போகிறது என்று தெரிந்தாலும் பாய் ஓடுவார். அது கண்ணை மூடுவதற்குள் அதன் பிரிண்டர் ஃபைல்களைக் காப்பி எடுத்துக்கொள்வார். வேறு எங்கோ அதே மாடல் பிரிண்டர் மக்கர் பண்ணினால் இதிலிருந்து எடுத்துப் பொருத்துவார். கண்தானம் என்பார். இன்டர்நெட்டில் தேடினால் கிடைக்காதா என்று ஒரு தடவை கேட்டுவிட்டேன். என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

“ரோட்டுல கிடக்கற பல்செட்டை எடுத்து நீங்க வாயில மாட்டிப்பீங்களா?”

இனிமேல் தேறாது என்று ஒரு கம்ப்யூட்டரைக் கைவிடும்போது சாவுச் சேதி கேட்டால் சொல்கிற ‘இன்னா லில்லாஹி’யை உதட்டுக்குள் சொல்வார். மனுஷனுக்குச் சொல்வதை மெஷினுக்குச் சொல்கிறீர்களே என்று சண்டைக்குப் போனேன். “செருப்பு வாரு அறுந்தாக்கூட சொல்லலாம்மா. நஷ்டம்னா நஷ்டம்தானே” என்றார்.

அவருடைய திறமையை நான் முழுசாகப் பார்த்தது எங்கள் வீட்டு கிரகப்பிரவேசத்தின் போது. ஸ்ரீரங்கத்தில் ஒரு சின்ன ஃபிளாட் வாங்கியிருந்தோம். நூறு பத்திரிகை போதும் என்று கீழச் சித்திரை வீதிப் பக்கம் ஜெராக்ஸ் கடை வைத்திருந்த மாமாவிடம் கொடுத்தோம். மாமா பயபக்தியோடு அடித்துக் கட்டிக் கொடுத்தார். வீட்டுக்கு வந்து கட்டைப் பிரித்தால், அத்தனை பத்திரிகையிலும் சுற்றிவரக் கறுப்பு பார்டர். மேலே ஒரு குத்துவிளக்கு. என் கணவர் பெயரும் என் பெயரும் போட்டிருந்த இடத்துக்கு நேர் மேலே, கொட்டை எழுத்தில், ‘நினைவில் வாழும்’.

என் கணவர் தண்ணீர் கேட்டார். நான் கட்டைத் தூக்கிக்கொண்டு கடைக்குப் போனேன்.

“அடியேன் ஒரு பாவமும் அறியேன்! எம்பெருமான் சாட்சி! டைப் அடிச்சதைப் பாருங்கோ, ஸ்க்ரீன்ல சுத்தமா இருக்கு!” என்று மாமா கன்னத்தில் போட்டுக்கொண்டார். ஸ்க்ரீனில் சுத்தமாகத்தான் இருந்தது. அடித்தால் மட்டும் நாங்கள் செத்துப்போனோம். பத்து முறை அடித்துப் பார்த்தார், பத்து முறையும் செத்தோம்.

பாயைக் கூப்பிட்டேன். வந்தார். கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு பத்திரிகையை நிதானமாகப் படித்தார். “காலைல யாருக்காவது நினைவஞ்சலி கார்டு அடிச்சீங்களா மாமா?”

“ஆமாம், ஒரு சுவாமிக்கு வருஷாப்தீகம். அந்த பார்டர் ரொம்ப லட்சணமா இருக்கேன்னு பிரிண்டர்லயே சேவ் பண்ணி வெச்சேன்.”

“அதுதான். வெச்சீங்க, எடுன்னு சொல்லலை. ஃபைல் மேல தப்பே இல்லை. விசுவாசமான ஃபைலு. இந்த ஊர்ல யாரு கார்டு அடிச்சாலும் அவங்களைச் சாகடிக்கணும்னு நினைச்சுக்கிட்டு இருக்கு.”

இரண்டு நிமிடத்தில் சரிசெய்தார். மாமா என் பக்கம் திரும்பி, “ஒண்ணும் நெனச்சுக்காதீங்கோ, திருஷ்டி கழிஞ்சதுன்னு வெச்சுக்கோங்கோ” என்றார். என் கணவர் அதற்குப் பிறகு ஒரு மாதம் மொட்டைமாடிக்குத் தனியாகப் போகவில்லை.

பாயிடம் எனக்கு ஆகவே ஆகாத குணம் ஒன்று இருந்தது. பிரிண்டர் நின்றுபோனால் நாம் அனுப்பியதெல்லாம் உள்ளே வரிசையாகக் காத்திருக்கும். க்யூ என்பார்கள். உலகத்தில் மற்ற எல்லா மெக்கானிக்கும் முதல் காரியமாக அந்த க்யூவை அழித்துவிட்டு, மறுபடி அனுப்புங்கள் என்பான். பாய் அழிக்கவே மாட்டார். உள்ளே நிற்கிற ஒவ்வொரு பக்கமும், போன தரம் யாரோ தெரியாமல் அனுப்பிய வெற்றுத்தாள் உட்பட, வரிசைப்படி வெளியே வந்தால்தான் எழுந்திருப்பார்.

“அழிச்சுட்டு புதுசா அனுப்பினா அஞ்சு நிமிஷ வேலை பாய்!”

“ஒரு காலேஜ்ல அப்பிடித்தான் அழிச்சேன் தங்கச்சி. உள்ளே ஒரு புள்ளையோட ஹால் டிக்கெட் நின்னுக்கிட்டு இருந்திருக்கு. யாரும் திருப்பி அனுப்பலை. அது பரீட்சை எழுதலை. வரிசைல நிக்கற ஆளை நாம விரட்டக் கூடாது.”

வெளியே வரும் தாள்களை ஒவ்வொன்றாகக் கையில் வாங்கி, நான்கு ஓரத்தையும் பார்த்து, அடுக்கி வைப்பார். நோயாளிகளின் ரிப்போர்ட்டை நீங்கள் ஏன் படிக்கிறீர்கள் என்று எங்கள் முதலாளி டாக்டர் ஒரு முறை கடிந்துகொண்டார். “எழுத்தை நான் பாக்கறதே இல்லை டாக்டர். ஓரத்தை மட்டும்தான் பாப்பேன். மார்ஜின் சரியா இருந்தா உள்ள இருக்கறது சரியா இருக்கும்” என்றார் பாய். டாக்டருக்கு இது பிடித்துப்போய், வருகிற போகிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார்.

ஒரு ஆடி மாதம் பாய் கழுத்தில் கைக்குட்டை கட்டிக்கொண்டு வந்தார். காற்று அடிக்கிறது என்றார். அடுத்த முறையும் கட்டியிருந்தார். குரல் கரகரத்தது. மேஜைக்கு அடியில் குனிந்தபோது கைக்குட்டை நழுவியது. இடது காதுக்குக் கீழே ஒரு நெல்லிக்காய் அளவுக்கு வீக்கம்.

நாள் முழுக்க நான் டைப் செய்வதே வீக்கங்களைப் பற்றித்தான். அந்த நெல்லிக்காய் எனக்குப் பிடிக்கவில்லை.

“என்ன பாய் இது? எத்தனை நாளா இருக்கு?”

“சுளுக்கு தங்கச்சி.”

“சுளுக்கு உருண்டையா இருக்குமா? டாக்டர்கிட்ட காமிங்க. சதை எடுத்து டெஸ்ட் பண்ணிப் பாக்கட்டும்.”

“ஒண்ணுமில்லம்மா. எங்கயாவது ஒரு ஃபைல்…”

எனக்கு வந்ததே கோபம். மேஜையில் இருந்த ஸ்டேப்ளரை ஓங்கி வைத்துவிட்டு, “உங்க ஃபைலும் ஆச்சு நீங்களும் ஆச்சு! டெஸ்ட் பண்ணாம இந்தப் பக்கம் காலை எடுத்து வைக்காதீங்க!” என்று கத்தினேன். வெளியே ரத்தம் கொடுக்க உட்கார்ந்திருந்தவர்கள் எட்டிப் பார்த்தார்கள். பாய் டப்பாவை மூடிக்கொண்டு போனார். இரண்டு வாரம் வரவில்லை. கோபித்துக்கொண்டுவிட்டார் என்று நினைத்தேன். போன் பண்ண ரோஷம் தடுத்தது.

மூன்றாவது வாரம் ஒரு திங்கட்கிழமை. எங்கள் கம்ப்யூட்டர் யாரையும் கேட்காமல் தன்னைத்தானே புதுப்பித்துக்கொண்டு, கூடவே பிரிண்டரின் ஃபைல் ஒன்றையும் மாற்றித் தொலைத்திருந்தது. காலையிலிருந்து நான் டைப் செய்து அனுப்பிய ரிப்போர்ட் அத்தனையும் உள்ளேயே நின்றன. வெளியே கூட்டம். ஒரு அம்மா அழ ஆரம்பித்துவிட்டாள். ரோஷத்தைத் தூக்கிப் போட்டுவிட்டு பாய்க்கு போன் செய்தேன். “வரேன். க்யூவைத் தொடாதீங்க” என்று வைத்துவிட்டார்.

வந்தபோது கழுத்தில் கைக்குட்டை இல்லை. பிளாஸ்திரி ஒட்டியிருந்தது. பார்த்தேன். அவர் என் பக்கம் திரும்பாமல், “நீங்க சொன்னபடி பண்ணியாச்சு. புத்தூர்ல ஒரு தொண்டை டாக்டர் சதை எடுத்திருக்காரு. ரிசல்ட் இன்னும் வரலை” என்றார். எனக்குப் பாதி உயிர் திரும்பி வந்தது. நல்லபடியாகத்தான் இருக்கும் என்று வாய்க்கு வந்ததைச் சொன்னேன்.

முதலாளி டாக்டர் வந்து, எல்லாவற்றையும் அழித்துவிட்டு வேறு கம்ப்யூட்டரில் அடிக்கலாம் என்றார். “பத்தே நிமிஷம் டாக்டர்” என்று பாய் கெஞ்சினார். டப்பாவிலிருந்து உறையூர் வக்கீலை எடுத்து மாட்டினார். பழைய ஃபைலை அதன் இடத்தில் வைத்தார். பிரிண்டர் ஒரு பெருமூச்சு விட்டது. முதல் தாள் வந்தது. எல்லோரும் கைதட்டாத குறைதான். பாய் ஒவ்வொன்றாக வாங்கினார். ஓரம் பார்த்தார். அடுக்கினார். நான் பெயர் படித்துக் கூப்பிட்டேன். அழுத அம்மாவுக்கு வெறும் ரத்தசோகை என்று வந்து, அவள் சிரித்துக்கொண்டே போனாள்.

ஏழாவது தாளோ எட்டாவதோ, பாய் கையில் நின்றுவிட்டது. அவர் ஓரத்தைப் பார்க்கவில்லை.

“என்ன பாய், மை பரவுதா?”

நான் எட்டிப் பார்த்தேன். ஷேக் தாவூத், வயது ஐம்பத்து நான்கு, கழுத்துச் சதை. காலை ஒன்பது மணிக்கு நானே டைப் செய்தது. டீ குடித்துக்கொண்டே டைப் செய்தது. தொண்டை டாக்டர்கள் பலரும் எங்களுக்குத்தான் சதையை அனுப்புவார்கள் என்பது எனக்குத் தெரியும். தெரியாமல் போனது ஒன்றுதான். பதினொரு வருடத்தில் இந்த மனுஷரிடம் உங்கள் பெயர் என்ன என்று நான் கேட்டதே இல்லை.

அவர் கீழே இருந்த ஆங்கில வார்த்தையின் மேல் விரலை வைத்தார். “இது அந்த வார்த்தைதானே தங்கச்சி?”

ஊரையே வாயால் வெல்லும் நான் தலையை மட்டும் ஆட்டினேன். பாய் தாளை நேராகப் பிடித்து நான்கு பக்கமும் பார்த்தார். “மார்ஜின் சரியா இருக்கு” என்றார். அதைத் தனியாக வைத்துவிட்டு, மிச்சமிருந்த தாள்கள் அத்தனையும் வெளியே வரும் வரை உட்கார்ந்திருந்தார். ஒவ்வொன்றின் ஓரத்தையும் பார்த்தார். நான் பாத்ரூமில் போய் முகத்தைக் கழுவிக்கொண்டு வந்தேன்.

போகும்போது ஒரு உதவி கேட்டார். “வீட்டுல சொல்லணும். நான் சொன்னா ஃபைல் மிஸ்ஸிங்னு சொல்லிட்டு சோறு சாப்பிட உக்காந்துடுவேன். நீங்க வந்து சொல்லுங்க. உங்களுக்குத்தான் பட்டுனு பேச வரும்.”

அவர் மொபெட்டில் முன்னால் போக, நான் ஸ்கூட்டரில் பின்னால் போனேன். தென்னூரில் ஒரு சந்து. வீட்டு வாசலைக் காட்டிவிட்டு, வண்டியை நிறுத்திவிட்டு வருகிறேன் என்று தெருமுனையிலேயே நின்றுகொண்டார். நிறுத்த அங்கே ஏராளமான இடம் இருந்தது.

அவர் மனைவி என்னைப் பார்த்ததில்லை. பெயரைச் சொன்னதும் முகம் மலர்ந்தது. “வாங்க வாங்க! உங்க குரல் எனக்கு நல்லாத் தெரியும். போன்ல நீங்க அவரைத் திட்டறது அடுப்படி வரைக்கும் கேக்கும்” என்று உட்கார வைத்து டீ கொண்டுவந்தார். நான் ஆரம்பித்தேன். அவங்க கழுத்துல, என்றேன். அந்த டெஸ்ட் இருக்கில்லையா, என்றேன். எப்படிச் சொல்வது என்று ஸ்கூட்டரில் வரும் வழியெல்லாம் யோசித்து வைத்திருந்தது எதுவும் வரவில்லை.

அந்த அம்மா என்னையே பார்த்தார்.

“இன்னிக்கு ஏங்க இவ்வளவு மெதுவாப் பேசறீங்க?” என்று கேட்டார். கேட்டுவிட்டு, டீ தம்ளரை என் கையில் கொடுக்காமல் தரையில் வைத்தார். அதற்கு மேல் நான் எதுவும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

பிறகு எல்லாம் வழக்கப்படி நடந்தது. பெரிய ஆஸ்பத்திரி, ஆபரேஷன், கரண்ட் என்று ஜனங்கள் சொல்கிற ரேடியேஷன். முதல் நாளே அங்கிருந்த டாக்டரை உட்கார வைத்து பாய் கேள்வி கேட்டிருக்கிறார். வந்து என்னிடம் சொன்னார். “உடம்புல இருக்கற செல்லு தன்னைத்தானே காப்பி எடுத்துக்கிட்டே போகுதாம். போதும், நிறுத்துன்னு சொல்ற ஒண்ணு உள்ளே இருக்குமாம். அது கெட்டுப்போச்சாம். அப்ப ஒரு ஃபைல் மிஸ்ஸிங்தானே டாக்டர்னேன். கிட்டத்தட்ட அப்பிடித்தான்னுட்டாரு!”

சொல்லும்போது முகத்தில் அத்தனை பெருமை. வாழ்நாள் முழுக்க எதற்கெடுத்தாலும் அதே காரணத்தைச் சொன்னவர், ஒரே ஒரு முறை சரியாகச் சொல்லிவிட்டார். நான் சிரித்தேன். வேறு என்ன செய்வது?

கரண்ட் வைக்க முகத்தில் வலை மாதிரி ஒரு மூடியை மாட்டி அசையாமல் படுக்க வைப்பார்களாம். அங்கே இருந்த பிரிண்டர் ஒவ்வொரு தாளிலும் கடைசி வரியை விழுங்கிவிடுகிறதாம். “தாள் அளவு தப்பா வெச்சிருக்காங்க தங்கச்சி. மாஸ்க் போட்டுட்டாங்க, வாயைத் திறக்க முடியலை. இல்லேன்னா அங்கயே சொல்லியிருப்பேன்” என்று வருத்தப்பட்டார். மறுநாள் முக்கால் மணி நேரம் முன்னதாகப் போய் அதைச் சரிசெய்துவிட்டுத்தான் படுத்திருக்கிறார். பிரிண்டர் சரியானது. வீக்கம் ஆறு மாதம் அடங்கியிருந்து திரும்பி வந்தது. இந்த முறை நுரையீரலுக்கும் போயிருந்தது. அந்த ரிப்போர்ட்டும் என்னிடம்தான் வந்தது. அதை டைப் செய்த அன்று நான் டீ குடிக்கவில்லை.

அவர் கடைசியாக வந்தது ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம். ஜும்மா தொழுகை முடிந்து, மொபெட் ஓட்டத் தெம்பில்லாமல் ஆட்டோவில் வந்து இறங்கினார். சட்டைக்குள் ஆளைத் தேட வேண்டியிருந்தது. குரல் சுத்தமாகப் போய்க் காற்று மட்டும் வந்தது. கையில் பிஸ்கட் டப்பா. நாங்கள் யாரும் அவரைக் கூப்பிடவில்லை. வாசலில் நின்று, “பிரிண்டர்?” என்றார்.

அந்தப் பாழாய்ப்போன பிரிண்டர் ஒரு மாதமாக ஒரு குறையும் இல்லாமல் ஓடிக்கொண்டிருந்தது. நன்றாக ஓடுகிறது என்று சொன்னால் அவர் திரும்பிப் போக வேண்டியதுதான். அவர் முகத்தைப் பார்த்தேன்.

“நல்லவேளை வந்தீங்க பாய். காலைலேர்ந்து ஒரே மக்கர்” என்றேன். டீ சொல்லப் போகிற சாக்கில் மேஜைக்குப் பின்னால் கையை விட்டு, பிரிண்டர் ஒயரை உருவிவிட்டேன்.

திரும்பி வந்தபோது வாசலிலிருந்தே பார்த்தேன். அவர் கை மேஜைக்குப் பின்னால் போனது. தொங்கிக்கொண்டிருந்த ஒயரில் பட்டு நின்றது. பிறகு கையை மெதுவாக வெளியே எடுத்துக்கொண்டு, நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, டப்பாவைத் திறந்தார்.

ஒரு மணி நேரம் வேலை பார்த்தார். ஒவ்வொரு பென்டிரைவாக எடுத்தார், சீட்டைப் படித்தார், மாட்டினார், உதட்டைப் பிதுக்கினார், அடுத்ததை எடுத்தார். நான் வழக்கம்போல ஆரம்பித்தேன். “வெளியே பத்து பேர் நிக்கறாங்க பாய்! இன்னும் எவ்வளவு நேரம்?” வெளியே ஈ, காக்கை இல்லை. “இன்ஷா அல்லாஹ், பத்து நிமிஷம்” என்று காற்றாகச் சொல்லிவிட்டுச் சிரித்தார். நான் இன்னும் கொஞ்சம் சத்தமாகத் திட்டினேன்.

கடைசியில் குனிந்து, எனக்குத் தெரியாத மாதிரி ஒயரைச் செருகினார். ஒரு தாள் வந்தது.

“என்ன பாய் பிரச்சினை?”

“பெரிய பிரச்சினை தங்கச்சி. நீங்க கூப்பிட்டது நல்லதாப் போச்சு.”

பன்னிரண்டு நாள் கழித்து அவர் மனைவி போன் செய்தார். நான் போவதற்குள் அவரை அடக்கத்துக்கு எடுத்துவிட்டார்கள். அந்த அம்மாவின் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன்.

பதினொரு வருடம் அந்த மனுஷரைத் திட்டியிருக்கிறேன். ஒரு நாளும் நல்ல வார்த்தை சொன்னதில்லை. அன்றைக்கு ஒயரை உருவினேனே, அதைத் தவிர அவருக்கு நான் எதுவும் செய்யவில்லை. அது அவருக்குத் தெரிந்துவிட்டது என்பதில்தான் கொஞ்சம் ஆறுதல். எனக்கு அவரை ரொம்பப் பிடிக்கும்.